காதில் சொல்லாத பெயர்

சூளையில் சரக்கு அடுக்கும் வேலை முடிந்து வருகிற பூபாலன், குழாயடியில் கைகால் கழுவிவிட்டு, வாசற்படியில் நின்று "ஹென்றி" என்று கூப்பிடுவார். ஒரு தரம்தான். மகன் எட்டிப் பார்த்துவிட்டால், மறுநாள் மாலைவரை அவன் வளவன். இருபத்திரண்டு வருஷமும் இப்படியே நடந்தது. ஒட்டுச்சுவர் வீட்டில் குடியிருந்த அவர் தங்கை சாவித்திரி, அந்தக் குரல் ஓயும்வரை கையில் இருப்பதை அப்படியே பிடித்துக்கொண்டு நிற்பாள்.

வளவன் எட்டாம் மாதத்தில் பிறந்தவன். மூச்சு சரியில்லை, பாண்டிச்சேரி பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டுபோங்கள் என்று சொல்லிவிட்டார்கள். வேன் ஓட்டியவர் திட்டக்குடிக்காரர், பெயர் ஹென்றி. எங்கும் நிறுத்தாமல் கொண்டுபோய்ச் சேர்த்தார். பிள்ளை பிழைத்த பிறகு பூபாலன் அவரைத் தேடிப்போய் டீ வாங்கிக் கொடுத்து, பெயருக்கு என்ன அர்த்தம் என்று கேட்டார்.

"வூட்ட ஆள்றவன்னு எங்க சாமியாரு சொன்னாருங்க. வெள்ளக்கார ராஜாங்களுக்கெல்லாம் இந்தப் பேருதானாம். நான் எங்க ஆள்றேன், வண்டிய ஓட்டிக்கிட்டுத் திரியறேன்."

பூபாலனுக்குச் சிரிப்பு வரவில்லை. கல்யாணமான மூன்று வருஷத்தில் நான்கு வாடகை வீடு மாறியவர் அவர். பெயர் மனதில் உட்கார்ந்துவிட்டது.

முப்பதாம் நாள் பெயர் வைத்தார்கள். அவர்கள் வழக்கத்தில் அத்தைதான் பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டு காதில் மூன்று தரம் பெயரைச் சொல்ல வேண்டும். பிறகு எல்லாருக்கும் கேட்கும்படி ஒரு தரம். அதற்குமேல் வேறு பெயர் சொல்லிக் கூப்பிட்டால் பிள்ளைக்கு ஆகாது என்பார்கள். அன்று காலை அண்ணன் சாவித்திரியைத் தனியாக உட்கார வைத்து ஐந்தாறு தரம் சொல்லிப் பார்க்க வைத்தார். நன்றாகத்தான் வந்தது.

பாயில் உட்கார்ந்ததும் சித்தப்பா தெய்வநாயகம் ஆரம்பித்தார். அப்பா இல்லாத குடும்பத்துக்கு அவர்தான் பெரியவர்.

"ஏம்மா சாவித்திரி, உம் பேரச் சொல்லவே உனக்குத் தொண்ட அடைக்கும். வெள்ளக்காரன் பேரா வரப்போவுது?"

பெண்கள் சிரித்தார்கள். பூபாலனும் சிரித்தார். நாலு பேர் எதிரில் தண்ணீர் கேட்கவே தயங்குகிறவள் சாவித்திரி. குனிந்து பிள்ளையின் காதருகே வாயை வைத்தாள். அண்ணி கனகா எப்போதோ பிடிக்கும் என்று சொன்ன 'வளவன்' வந்தது. மூன்று தரமும் அதுவே வந்தது. நிமிர்ந்து எல்லாருக்கும் அதையே சொன்னாள்.

அண்ணன் அவளை ஒரு வார்த்தை கேட்கவில்லை. பந்தி முடிந்ததும் சித்தப்பாவைத்தான் பிடித்துக்கொண்டார்.

"சொல்லிக் குடுத்து மாத்த வச்சது நீங்கதான?"

"நான் எதுக்குடா மாத்தப்போறேன்? கிண்டல் பண்ணேன், அவ்ளோதான்."

"அவளுக்குத் தானா அவ்ளோ தைரியம் வருமா?"

சாவித்திரி எச்சில் இலை எடுத்துக்கொண்டிருந்தாள். கூச்சத்தில் நான்தான் மாற்றிச் சொல்லிவிட்டேன் என்று அப்போதே சொல்லியிருந்தால் ஒரு திட்டோடு போயிருக்கும். நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம் என்று இருந்துவிட்டாள்.

அதன்பிறகு பூபாலன் சித்தப்பா வீட்டுப் படி ஏறவில்லை. பிள்ளைக்கு ஆகாது என்ற பயத்தில் வளவன் என்றே கூப்பிட்டார்; ஆசைக்கு நாளுக்கு ஒரு தரம் மட்டும் ஹென்றி. அவர் மகள் கல்யாணத்துக்குப் பத்திரிகை வந்தது. அலமாரி மேலேயே கிடந்தது. செராமிக் பட்டறையில் பொம்மைகளின் விளிம்பைச் சுரண்டி ஈரப்பஞ்சால் துடைப்பது சாவித்திரியின் வேலை. அண்ணனிடம் சொல்ல வேண்டியதைத் துடைத்துக்கொண்டே மனதுக்குள் சொல்லிப் பார்ப்பாள். எல்லாம் ஒழுங்காக வரும். மாலையில் அண்ணன் முகத்தைப் பார்த்ததும் "டீ போடவாண்ணே?" என்றுதான் வாய் கேட்கும்.

போன பங்குனியில் பூபாலன் நெஞ்சுவலியில் போய்விட்டார். சித்தப்பா நல்லூரிலிருந்து வந்தார். வாசலுக்கு வராமல் தெருமுனை டீக்கடை ஓரத்தில் நின்றிருந்துவிட்டு, பாடையை எடுத்ததும் கூட்டத்தின் கடைசியில் நடந்தார்.

பதினாறாம் நாள் காரியம் முடிந்த மறுநாள், வளவனை வண்டியில் கூட்டிப்போகச் சொல்லி சாவித்திரி நல்லூர் போனாள். உட்காராமல் நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னாள்.

"இத்தன வருஷம் பழி எம் மேல கெடக்கறதப் பாத்துக்கிட்டுதான இருந்த?"

"ஆமா சித்தப்பா."

"அவன் இருக்கையில சொல்லியிருக்கணும். எங்கிட்ட சொல்லி என்ன ஆவப்போவுது? போம்மா."

வளவன் வெளியே போய் வண்டியைத் திருப்பி நிறுத்தினான்.

இப்போது ஞாயிற்றுக்கிழமைகளில் அவன் நல்லூர் போய்ச் சின்னத் தாத்தாவைப் பார்த்துவிட்டு வருகிறான். அவனோடு அவர் பேசுகிறார். சாவித்திரியோடு பேசுவதில்லை.