அம்பாத்துரை மேடு

மதுரையிலிருந்து திண்டுக்கல் போகும் என் ரயில் கொடைரோட்டில் நிற்கிறது. திண்டுக்கல்லில் தங்கை மகளுக்குக் காதுகுத்து. தாய்மாமனான என் மடியில் வைத்துத்தான் குத்த வேண்டும். முன்னால் போன சரக்கு வண்டியோ அம்பாத்துரை மேட்டில் ஊர்ந்துகொண்டிருக்கிறது. பின்னாலிருந்து இன்னொரு இன்ஜின் அதைத் தள்ளுகிறது.

"அதை நிறுத்திட்டு எங்களை விட்டா என்ன?" என்று ஜன்னலோரம் திராட்சை விற்கும் பெண்ணிடம் எரிந்து விழுகிறேன்.

"மேட்டுல நின்னுட்டா மறுபடி கெளப்புறது அம்புட்டுக் கஷ்டம்ணே. அதுக்குத்தான் உங்களை நிறுத்தி வச்சிருக்காக. ஒரு கிலோ போடவா?"

வாங்கிக்கொள்கிறேன். சிக்னல் சிவப்பாகவே இருக்கிறது. தங்கை கணவர் போனில் கூப்பிடுகிறார்.

"மச்சான், ஆசாரி ஊசியோட உக்காந்திருக்காரு. மடிதான் இன்னும் வரல."

குனிந்து பார்க்கிறேன். என் மடியில் ஒரு கிலோ திராட்சை உட்கார்ந்திருக்கிறது.