பொது நலன் கருதி நிராகரிக்கப்பட்ட பஸ்

கணவர் இறந்து, நாலு மாதம் பத்து நாள் வீட்டோடு இத்தா இருந்து முடித்த பிறகு, எங்களுடைய ஒரே பஸ்ஸின் பெர்மிட் என் பெயருக்கு மாறியது. ராஜபாளையத்திலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூர் வழியாக வ. புதுப்பட்டிக்கு, நாளைக்கு நாலு நடை. தொண்ணூறுகளின் தொடக்கம் அது. வண்டியோ பத்து வருடத்துக்கும் மேலான கிழம். தரைப்பலகை இற்றுப்போய், காலுக்குக் கீழே ரோடு ஓடுவது தெரியும்.

டிரைவர் சோழபுரத்துக்காரர். என் கணவர் காலத்திலிருந்து ஓட்டுபவர். ஒரு நாள் வாசலில் நின்றபடியே சொன்னார்: “பிரேக்கு பிடிக்க மாட்டேங்குது தங்கச்சி. பட்டறையில எம்புட்டுப் பாத்தாலும் பத்து நாளு தாங்கல. வேற வண்டி பாருங்க.”

பார்த்தேன். அதே எண்ணிக்கை இருக்கைகள், நாலே வயதான வண்டி. வாங்கி வீட்டுக்குப் பின்னால் நிறுத்திவிட்டு, பழையதற்குப் பதில் இதை ஓட்ட அனுமதி கேட்டுப் போக்குவரத்து அலுவலகத்தில் மனுக் கொடுத்தேன்.

அதிகாரி என்னை உட்காரச் சொல்லவில்லை. பழைய வண்டியின் தகுதிச் சான்றுக்குக் கெடு இன்னும் முடியவில்லையே, ஓடுகிற வண்டியை எதற்கு மாற்ற வேண்டும் என்று கேட்டார். பிரேக்கைச் சொன்னேன். பழுது பார்க்கச் சொன்னார். எங்கள் தடத்தில் பஸ் விடும் இன்னொரு முதலாளி ஆட்சேபம் எழுதிக் கொடுத்திருந்தார். அதை அதிகாரி எனக்கு நிதானமாக வாசித்தும் காட்டினார். சில வாரத்தில் உத்தரவு வந்தது. மாற்றத்துக்கான தேவை நிரூபிக்கப்படவில்லை, எனவே பொது நலன் கருதி மனு நிராகரிக்கப்படுகிறது.

ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு வக்கீலைப் பார்த்தேன். என்னைவிட இளையவர். சட்டப் புத்தகத்தை என் பக்கம் திருப்பி வைத்தார். பெர்மிட்டில் உள்ள வண்டிக்குப் பதில், அனுமதி பெற்று, அதே வகையைச் சேர்ந்த வேறு வண்டியை ஓட்டலாம். சின்னப் பிரிவு, அவ்வளவுதான்.

“அதே வகையான்னு பாக்கதுதான் அவரு வேலை அக்கா. ஒங்களுக்கு அது வேணுமா வேண்டாமான்னு முடிவு பண்ண அவருக்கு அதிகாரம் கெடையாது” என்றார்.

மெட்ராஸில் இருந்த தீர்ப்பாயத்துக்கு மேல்முறையீடு போனது. மாதங்கள் ஓடின. பஸ்ஸை நிறுத்திவிட்டால் பெர்மிட்டையே ரத்து செய்துவிடலாம் என்பதால், அந்தக் கிழட்டு வண்டியை நிறுத்த எனக்குத் துணிச்சல் வரவில்லை. மெதுவாகப் போங்கண்ணே என்று டிரைவரிடம் நானே சொன்னேன். அதற்காக என் மேலும் எனக்குக் கோபம் உண்டு.

ஸ்ரீவில்லிபுத்தூர் தாண்டி, ஒரு காலை நடையில், ரோட்டின் குறுக்கே ஆட்டு மந்தை வந்தது. மிதித்த பிரேக் அப்படியே தரையோடு படிந்தது. அவர் வண்டியை வயலுக்குள் இறக்கிப் பனைமரத்தில் கொண்டுபோய் முட்டினார். உள்ளே இருந்தவர்களுக்குச் சிராய்ப்போடு போயிற்று. அவருடைய வலது முழங்கால் நொறுங்கிவிட்டது.

அவர் ஆஸ்பத்திரியில் கிடக்கும்போதே எனக்கு ஒரு நோட்டீஸ் வந்தது. அனுமதிக்கப்பட்ட தடத்தில் பஸ் ஏன் ஓடவில்லை, பெர்மிட்டை ஏன் ரத்து செய்யக் கூடாது என்று விளக்கம் கேட்டிருந்தது. கீழே அதே அதிகாரியின் கையெழுத்து.

நோட்டீஸை எடுத்துக்கொண்டு கிளம்பினேன். நேரே போய் அதை அவர் மேஜையில் வைத்தேன்.

“நீங்க வேண்டாம்னு சொன்ன வண்டி எங்க வீட்டுக்குப் பின்னால நிக்கிது. ஓடட்டும்னு சொன்ன வண்டி வயக்காட்டுல கெடக்குது. இப்ப எதை ஓட்டணும், சொல்லுங்க.”

எழுத்தில் கொடுங்கள் என்றார். அங்கேயே உட்கார்ந்து, சொன்னதையே எழுதி, சீல் வாங்கிக்கொண்டு வந்தேன்.

தீர்ப்பு எங்கள் பக்கம் வந்தது. வண்டி அதே வகைதானா என்பதற்கு மேல் போய்த் தேவையை எடைபோட்டதும், போட்டி முதலாளியின் ஆட்சேபத்தைக் கணக்கில் எடுத்ததும் சட்டம் கொடுத்த அதிகாரத்தைத் தாண்டிய செயல் என்று எழுதியிருந்தார்கள். அதைக் கொண்டுபோய்க் கொடுத்தபோது அதிகாரி தலை நிமிராமல் அனுமதியில் கையெழுத்துப் போட்டார். பத்து நிமிடம் ஆகவில்லை. இந்தப் பத்து நிமிடத்தை முதல் நாளே தந்திருக்கலாம்.

புது வண்டி கிளம்பிய அன்று டிரைவர் கம்பு ஊன்றி வந்தார். முழங்கால் இனி மடங்காது என்று டாக்டர் சொல்லியிருந்தார். அவரை ஸ்டாண்டில் டைம் கீப்பராக உட்காரவைத்தேன். “விடுங்க தங்கச்சி, ஆனது ஆச்சு” என்றார்.

நான் விடவில்லை. உத்தரவு, நோட்டீஸ், ஆஸ்பத்திரிச் சீட்டு எல்லாவற்றையும் சேர்த்து மேலிடத்துக்குப் புகார் அனுப்பினேன். வெகு நாள் கழித்துப் பதில் வந்தது. அனுமதி ஏற்கெனவே வழங்கப்பட்டுவிட்டதால் மேல் நடவடிக்கை தேவையில்லையாம். அந்த ஆள் அதற்குள் பதவி உயர்வில் வேறு ஊருக்குப் போயிருந்தார்.