கிணற்றடிச் சொம்பு

என் சமையற்கட்டு அலமாரியில் ஒரு பித்தளைச் சொம்பு இருக்கிறது. விளிம்பில் ஒடுக்கு விழுந்தது. நான் அதை எதற்கும் எடுப்பதில்லை. சேலத்தில் நான் படித்த கன்னியர் மடத்துப் பெண்கள் ஹைஸ்கூலின் கிணற்றடிச் சொம்பு அது. அந்தப் பள்ளி இப்போது இல்லை. யுத்தம் வந்ததும் கட்டடத்தைப் பட்டாளத்துக்கு விட்டார்கள். யுத்தம் முடிந்த பிறகும் பள்ளி திறக்கவில்லை. போன மாதம் போய்ப் பார்த்தேன். கன்னியாஸ்திரீகள் ஜெபம் சொல்ல, இந்துப் பெண்கள் நாங்கள் கைகட்டிச் சும்மா நின்ற கூடத்தில் நூல் மூட்டைகள் அடுக்கியிருக்கின்றன.

திருச்செங்கோட்டுப் பக்கம் எங்கள் ஊரும் விவசாயக் காடும். எங்கள் குடும்பத்திலிருந்து பள்ளிக்கூடம் போன முதல் பெண் நான்தான். என்னை டீச்சராக்கிப் பார்க்க வேண்டும் என்று அப்பாவுக்கு ஆசை. மற்ற எல்லோருக்கும் சந்தேகம். "அவங்க வேதத்துல சேத்துருவாங்க சாமி, பாத்து இருந்துக்கோ" என்று சொல்லிச் சொல்லித்தான் அம்மா என் டிரங்குப் பெட்டியை அடுக்கினாள். அவர்கள் ரொட்டியைத் தின்னாதே, மாதா கோயில் வாசல் தொட்டித் தண்ணீரைத் தொடாதே என்றாள். நான் அதற்கும் மேலே போனேன். பண்டிகைக்குக் கேக் கொடுத்தால் முகர்ந்து பார்த்துவிட்டுப் பக்கத்துப் பெண்ணிடம் தள்ளிவிடுவேன். என்ன செய்ய, பிறவிக் குணம்! காய்காரி ஒரு கொத்துக் கொத்தமல்லி கூடப் போட்டால், கத்தரிக்காய் சொத்தையோ என்று இன்றைக்கும் கிளறிப் பார்க்கிற ஆள் நான்.

கிணற்றடிக்குப் பொறுப்பு ஒரு சிஸ்டர். புதுச்சேரிப் பக்கத்துக்காரர், குள்ளமாக இருப்பார். சனிக்கிழமைதோறும் எங்களை வரிசையாகக் குனியவைத்து, தலைக்கு அரப்புத் தூள் தேய்த்து, இந்தச் சொம்பால் அவரே தண்ணீர் ஊற்றுவார். எங்கள் ஊரில் பெண்கள் தலை முழுகுவது செவ்வாயும் வெள்ளியும், சனி ஆண்களுக்கு. அதுவே எனக்கு உறுத்தும். போதாததற்கு, ஊற்றும்போதெல்லாம் அவர் உதடு எதையோ முணுமுணுக்கும். இடுப்பிலிருந்து தொங்கும் ஜெபமாலை என் காதருகே ஆடும். நான்கு வருஷம் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டும் ஒரு வார்த்தை பிடிபடவில்லை. மந்திரம் போடுகிறார் என்றே வைத்துக்கொண்டேன்.

கடைசி வருஷம், பெரிய பரீட்சைக்கு மூன்றே வாரம். அந்த வருஷம் மழையும் பொய்த்திருந்தது. செவ்வாய்ப்பேட்டை மண்டிக்குக் கடலைக்காய் வண்டி கொண்டுவந்த பெரியப்பா, மடத்துக்கும் ஒரு மூட்டை கொடுக்கலாம் என்று பின்வாசல் வழியாக வந்து நேரே கிணற்றடியில் நின்றார். என் நெற்றியில் பொட்டு இல்லை. குனிந்த தலையில் ஒரு கன்னியாஸ்திரீ தண்ணீர் ஊற்றுகிறார், உதடு அசைகிறது. ஞானஸ்நானம் என்பதைக் கேள்விப்பட்டு மட்டுமே இருந்த மனிதருக்கு வேறென்ன தோன்றும்?

"ஏனுங்க! எங்கூட்டுப் புள்ளைய என்னங்க பண்றீங்க?"

சிஸ்டர் நிமிரக்கூட இல்லை. "கொஞ்சம் நில்லுங்க ஐயா, இன்னும் ரெண்டு பாக்கி இருக்கு" என்றார்.

"இன்னும் ரெண்டா? அதையும் ஊத்திப்போட்டா முடிஞ்சு போகுமாக்கும்? எந்திரி சாமி! பொட்டியக் கட்டு!"

பெரியப்பா தட்டிவிட்டதில் சொம்பு கல்லில் விழுந்து ஒடுங்கியது. நான் தலையில் அரப்போடு வண்டி ஏறினேன். சங்ககிரி தாண்டுவதற்குள் அது காய்ந்து, சொறியச் சொறிய உதிர்ந்தது.

வீட்டில் மஞ்சள் தண்ணீர் ஊற்றித் தீட்டுக் கழித்தார்கள். அதுவும் தலையில்தான். எல்லோரும் ஓய்ந்த பிறகு அப்பா என்னை மாட்டுக்கொட்டகைப் பக்கம் தனியே கூப்பிட்டார்.

"மத்தவிங்க சொல்றத உடு. நீ சொல்லு சாமி. அந்தம்மா ஏதாச்சும் மந்தரம் சொன்னாங்களா? இல்லீன்னு ஒரு வார்த்தை சொல்லு, நாளைக்கே வண்டி கட்டறேன்."

இல்லை என்று சொல்லியிருக்கலாம். பரீட்சை எழுதியிருப்பேன். ஆனால் பாழும் நாக்கில் அது வரவில்லை. "என்னமோ முணுமுணுத்தாங்க" என்றேன். அப்பா மாட்டின் முதுகைத் தட்டிவிட்டு உள்ளே போனார். பிறகு படிப்பைப் பற்றி அவர் பேசவே இல்லை. வைகாசியில் எனக்குக் கல்யாணம்.

போன மாதம் போனபோது, நூல் கிடங்குக்குப் பின்னால் ஓர் அறையில் அதே சிஸ்டர் இருந்தார். பதினைந்து வருஷம் ஆகியும் என்னைப் பார்த்தவுடன் தெரிந்துகொண்டார். உட்காருவதற்கு முன்பே கேட்டுவிட்டேன், அன்றைக்கு என்ன முணுமுணுத்தீர்கள் என்று.

"எண்ணிக்கிட்டிருந்தேன்மா. அந்தக் கிணத்துல தண்ணி எங்க இருந்துச்சு? தலைக்கு ஏழு சொம்புதான்னு மதர் உத்தரவு. வாய்க்குள்ள எண்ணாட்டி எனக்குத் தப்பிப்போயிடும். உனக்கு அஞ்சு ஊத்தியிருந்தேன்."

அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"உங்க அப்பா தங்கமான மனுஷராச்சே. அவர் உன்னை ஒரு வார்த்தை கேக்கலையா?"

"கேக்கலீங்க சிஸ்டர்" என்றேன்.

"அதானே. கேட்டிருந்தா நீ உள்ளதைச் சொல்லியிருப்பே. உன்னைப் பத்தி எனக்குத் தெரியாதா?"

புறப்படும்போது, ஞாபகத்துக்கு இருக்கட்டும் என்று இந்தச் சொம்பை எடுத்துக் கொடுத்தார். வாங்கும்போதுகூட, இதை எதற்குக் கொடுக்கிறார் என்று ஒரு நொடி யோசித்தேன். அப்படிப்பட்ட பிறவி நான். அலமாரியைத் திறக்கும்போதெல்லாம் ஒடுக்கு விழுந்த பக்கத்தைச் சுவர்ப்புறமாகத் திருப்பி வைக்கிறேன். ஒருமுறை சேலம் போய் அவரிடம் உள்ளதைச் சொல்லிவிட்டு வர வேண்டும். இன்னும் போகவில்லை.