கைக்கும் ஏணிக்கும் இடையே

நாற்பத்திரண்டாம் வயதில், பட்டப்பகலில், ஒரு தோணி நிறைய ஆட்கள் பார்த்திருக்க, கப்பல் ஏணியைப் பிடிப்பதாக நினைத்து வெறுங்காற்றைப் பிடித்துக் கடலில் விழுந்தவன் நான். கோட்டு, வேட்டி, செருப்பு சகிதமாக. கப்பல்காரர் கையெழுத்துப் போடவேண்டிய காகிதங்களும் என்னோடு குளித்தன.

யுத்தம் முடிந்து தூத்துக்குடிக்குக் கப்பல்கள் மறுபடி ஒழுங்காக வரத் தொடங்கியிருந்த நேரம். கரையோரம் ஆழம் போதாது. அவை தொலைவில் நங்கூரமிட்டு நிற்கும். பஞ்சு மூட்டை ஏற்றிய தோணியில் போய், அலையில் தோணி எழும்பும் கணம் பார்த்துக் கயிற்றேணியைத் தாவிப் பிடிக்கவேண்டும். கப்பல் ஏஜெண்டு ஆபீஸ் குமாஸ்தாவாகப் பதினைந்து வருஷம் யோசிக்காமல் செய்துவந்த காரியம். அந்த வருஷம் என் இடது கண் அவிந்துபோயிற்று. நரம்புக் கோளாறு என்றார் டாக்டர். பார்க்கிறவர்களுக்கு அது நல்ல கண்தான். ஆபீசில் நான் மூச்சுவிடவில்லை. ஒற்றைக் கண்ணனைக் கப்பலுக்கு அனுப்பமாட்டார்கள்; எனக்கோ வேறு வேலை தெரியாது; வீட்டில் ஐந்து வயிறு.

ஒரு கண் போனால் பாதி உலகம் மறையும் என்று எதிர்பார்த்தேன். மறையவில்லை. முழுசாகவே இருந்தது, காலண்டர் படம்போலத் தட்டையாக. காப்பியை டம்ளருக்கு வெளியே ஊற்றினேன். வாசகசாலையில் ஒரு புத்தகத்தைத் தேடிப் படித்ததில் விஷயம் விளங்கிற்று: இரண்டு கண்ணும் ஒரே பொருளைச் சற்றே வெவ்வேறு இடத்திலிருந்து பார்க்கின்றன, இரண்டு படத்துக்கும் உள்ள வித்தியாசத்தை வைத்து மூளை தூரத்தைக் கணிக்கிறது. பள்ளிக்கூடத்தில் கணக்கில் தேறாத என் மூளை, எனக்குத் தெரியாமல் இத்தனை காலம் இந்தக் கணக்கைப் போட்டுக்கொண்டிருந்திருக்கிறது. இவ்வளவும் தெரிந்துகொண்ட பிறகுதான் கடலில் விழுந்தேன்.

தோணிக்குப் பூசும் கீல் அப்பிய கையால் காலரைப் பிடித்து என்னைத் தூக்கியவர் தண்டல். தோணியை நடத்துகிறவருக்கு அங்கே அதுதான் பெயர். என்னைவிடப் பத்து வயது இளையவர். தண்ணீர் சொட்ட உட்கார்ந்திருந்த என் இடதுபக்கம் விரலை ஆட்டினார். நான் இமைக்கவில்லை.

"எத்தன நாளா, அண்ணாச்சி?"

ஆபீஸ், ஐந்து வயிறு என்று என்னென்னவோ உளறினேன். அவர் ஒரு வார்த்தை சொன்னால் என் பிழைப்பு முடிந்தது. அவரோ கரையைக் காட்டினார். மாதா கோயில் கோபுரம். அதற்குப் பின்னால் தள்ளி ஒரு ஆலைப் புகைபோக்கி. முத்துச்சிப்பி கிடக்கும் இடத்துக்கு மேலே கடலில் எந்த அடையாளமும் கிடையாது. ஆகவே முத்துக் குளிக்கப் போகிறவர்கள் கரையைத்தான் பார்ப்பார்களாம். தோணி நகர்ந்தால் கிட்டே உள்ளது வேகமாக விலகும், எட்ட உள்ளது மெல்ல விலகும். இரண்டும் ஒட்டி நிற்கிற வரிசையை ஞாபகம் வைத்துக்கொள்வார்கள். இப்படி இரண்டு ஜோடி இருந்தால் இடம் தப்பாது.

"இதுக்கு ஒத்தக் கண்ணு போதும். நீங்க கைய நீட்டிக்கிட்டுத் தலைய அங்கனயும் இங்கனயும் ஆட்டுங்க. கையும் ஏணியும் சேந்து ஓடுனா கிட்ட இருக்கு. கை மட்டும் ஓடுனா எட்டாது, பேசாம நில்லுங்க" என்றார்.

அடுத்த கப்பலில் அப்படியே செய்தேன். கையும் ஏணியும் சேர்ந்து ஓடின. தாவினேன், கயிறு கையில் இருந்தது. மேலே நின்ற கப்பல் அதிகாரி, ஏற மாட்டேன் என்றா தலையாட்டினாய் என்று விசாரித்தார். கையெழுத்துக்குக் காகிதங்களை நீட்டினேன்.

அதன்பின் ஒரு கப்பலும் தவறவில்லை. ஆபீசுக்கும் சேதி போகவில்லை. வீட்டில் மட்டும் ஒரு புகார்: கோட்டின் முதுகில் மட்டும் எப்படி இவ்வளவு கீல் கறை, தோணியில் எங்கே சாய்ந்து தூங்குகிறீர்கள் என்று.

மூன்று மாதம் கழித்து ஒரு பொட்டலம் மக்ரூனோடு தண்டல் வீட்டுக்குப் போனேன். நன்றி சொல்ல வந்தவன் பிரசங்கமே செய்துவிட்டேன்: ஒரு கணக்கை மறந்த மூளை இன்னொரு கணக்கைக் கற்றுக்கொண்டது, அதற்கு நீங்கள்தான் வாத்தியார், இனி இந்த மூளையை நம்பி எந்தக் கப்பலிலும் ஏறுவேன் என்று. அவர் மக்ரூனை மென்று முடிக்கும்வரை பொறுமையாகக் கேட்டார்.

"மூளைக்கும் ஒரு கும்பிடு போட்டுருங்க, அண்ணாச்சி. ஆனா ஏணிய நீங்க நல்லாப் புடிச்சாச்சுன்னு தெரியுத வரைக்கும், பின்னால கோட்ட விடாமப் புடிச்சிக்கிட்டு நிக்கது நாந்தான்."