லோரா சீக்கோர்ட்டின் வீட்டுக்கு நடந்து போன குணவதி

கனடாவின் ஸ்காபரோவில் ஒரு பெரிய மோல் கடைத்தொகுதியின் சாப்பாட்டுக் கூடத்தில் குணவதிக்கு வேலை. ஆட்கள் சாப்பிட்டுவிட்டு எழும்பும் மேசைகளைத் துடைக்க வேண்டும், தட்டங்களை அடுக்க வேண்டும், சிந்திக் கிடக்கும் கோக்கில் யாரும் வழுக்கி விழாமல் மஞ்சள் பலகை வைக்க வேண்டும். எல்லாம் நின்றபடிதான். பின்னேரம் மோர்னிங்சைட் பஸ்ஸில் இருக்க இடம் கிடைத்தால், சப்பாத்தை மெல்லக் கழற்றிக் குதிக்காலைப் பிடித்துவிட்டுக்கொண்டு வருவாள்.

அவள் துடைக்கும் மேசைகளுக்கு நேரெதிரே ஒரு சொக்லேற் கடை. லோரா சீக்கோர்ட் என்று பெயர். அது யாரோ முதலாளியம்மாவின் பெயர் என்றுதான் நெடுநாளாக நினைத்திருந்தாள். ஆங்கில வகுப்பில் ஒருநாள் கதையோடு கதையாகக் கேட்டபோது, ஆசிரியை ஹெலன் சிரித்துவிட்டுப் பலகையில் ஓர் ஆறும் ஒரு காடும் வரைந்தாள். பிரிட்டிஷாருக்கும் அமெரிக்கர்களுக்கும் சண்டை நடந்த காலம். நயாகரா ஆற்றங்கரையில் குயின்ஸ்ரன் என்ற ஊர். லோராவின் கணவர் சண்டையில் காயப்பட்டுப் படுக்கையில் கிடந்தார். எதிரிகள் திடீரென்று தாக்கப் போகிறார்கள் என்ற செய்தி அவள் காதில் விழுந்தது. கணவரால் எழும்ப முடியாது. ஆகவே அவளே வெளிக்கிட்டு, காட்டுக்குள்ளாலும் சேற்றுக்குள்ளாலும் ஒரு முழுநாள் நடந்து, தங்கள் படை நின்ற இடத்துக்குப் போய்ச் செய்தி சொன்னாள். சொக்லேற்காரர் பல காலத்துக்குப் பிறகு அவளுடைய பெயரை எடுத்துக் கடைக்கு வைத்தார்கள்.

வகுப்பில் இருந்த ஒரு போலந்துக்காரர் எந்தப் பக்கம் வென்றது என்று கேட்டார். குணவதிக்கு வேறொன்று கேட்க வேண்டியிருந்தது. வசனம் வரவில்லை. தன் காலைத் தொட்டுக் காட்டினாள். "அவ... சப்பாத்து? செருப்பு? என்ன?"

"எனக்குத் தெரியாது" என்றாள் ஹெலன். "அந்த வீடு இன்னும் இருக்கிறது. போய்க் கேளுங்கள்." பிறகு அந்தக் கேள்வியை ஆங்கிலத்தில் எப்படிக் கேட்பது என்று சொல்லிக் கொடுத்தாள்.

அன்றிலிருந்து குணவதிக்கு அந்த வீட்டைப் பார்க்க வேண்டும் என்று ஆசை. கணவர் இராஜரட்ணத்திடம் சொன்னாள். அவர் ஓர் அச்சகத்தில் வேலை செய்கிறார், கார் வைத்திருக்கிறார். ஊரிலிருந்தும் லண்டனிலிருந்தும் வந்த சொந்தக்காரரையெல்லாம் நீர்வீழ்ச்சி பார்க்கக் கூட்டிக்கொண்டு போனவர்.

"சொக்லேற் கடைக்கு அவ்வளவு தூரம் போறதே? மோலில இருக்குத்தானே."

"கடையில்லையப்பா. அந்தப் பொம்பிளையின்ர வீடு."

"ஆரோ ஒருத்தியின்ர பழைய வீட்டைப் பாக்க ஆர் கார் ஓடுறது?"

இந்தப் பேச்சு இரண்டு கோடைகாலம் நடந்தது. கடைசியில் அலுத்துப்போனவள் மகள் நிலாணி. பதினேழு வயது. டவுன்ரவுனில் உள்ள ஒரு சிறிய சுற்றுலா நிறுவனத்துக்குத் தானே போன் எடுத்து, தொண்ணூற்றாறு ஆடி மாதத்துச் சனிக்கிழமை ஒன்றில் இரண்டு இடம் பதிவு செய்தாள். "அம்மா, லிசின். சின்ன வான்தான். பத்துப் பேருக்கு மேல ஏத்த மாட்டினம். கைட் ஒராள் வந்து எல்லாம் எக்ஸ்பிளேன் பண்ணுவார். முதல் ஜோர்ஜ் கோட்டை, பிறகு புறொக் எண்ட தளபதியின்ர நினைவுத்தூண், லாஸ்ட் ஸ்ரொப் உங்கட லோரா வீடு. அப்பா, நீங்களும் போறீங்கள். நோ ஆர்கியுமென்ற்."

இராஜரட்ணம் முறுமுறுத்தபடி சம்மதித்தார்.

வான் ஒரு ஹோட்டல் வாசலில் நின்றது. இருவரும் போய்ச் சேர்ந்தபோது முன்னிருக்கைகள் நிறைந்துவிட்டன. இங்கிலாந்திலிருந்து வந்த வயதான தம்பதி ஒன்று, பிறந்தநாள் கொண்டாட வந்த மொன்றியல் சிநேகிதிகள் நாலு பேர். இவர்களுக்குக் கடைசி வரிசைதான் கிடைத்தது. முழங்காலுக்கு முன்னால் தண்ணீர்ப் போத்தல் நிறைந்த ஐஸ் பெட்டி. கைட்டின் பெயர் கெவின். நல்ல சிரித்த முகம், ஆனால் சிரிப்பைவிட வேகமான வாய். தானே வானை ஓட்டிக்கொண்டு, தானே மைக்கில் கதைத்தான். ஸ்பீக்கர் முன்னுக்கு மட்டும்தான் வேலை செய்தது. கடைசி வரிசைக்கு எஞ்சினின் இரைச்சலும், மொன்றியல்காரிகளின் சிரிப்பும், இடைக்கிடை "பிரிட்டிஷ்" என்ற ஒரு சொல்லும்தான் வந்தன.

"என்ன சொல்லுறான்?" என்று கேட்டாள் குணவதி.

"எனக்கென்ன தெரியும்" என்று சொல்லிவிட்டு இராஜரட்ணம் ஜன்னலில் தலையைச் சாய்த்து நித்திரையானார்.

ஜோர்ஜ் கோட்டையில் அவர் விழித்துக்கொண்டார். மண் அணைகளும் மரவேலியும் பீரங்கிகளும் உள்ள கோட்டை. சிவப்புச் சட்டை போட்ட இளைஞர்கள் வரிசையில் நின்று பழைய துவக்கை வானத்தைப் பார்த்துச் சுட்டார்கள். இங்கிலாந்துக் கிழவி கைதட்டினாள். வெடிச்சத்தத்துக்குக் குணவதியின் தோள் தன்பாட்டில் ஒடுங்கியது. நேரே பார்த்தபடி நின்றாள்.

இராஜரட்ணமோ கெவினைப் பிடித்துக்கொண்டார். தெரிந்த ஆங்கிலத்தில், கையையும் காலையும் ஆட்டி, யாழ்ப்பாணத்திலும் இப்படி ஒரு கோட்டை இருக்கிறது, ஒல்லாந்தர் கட்டியது, அங்கிருந்து ஆமி அடித்த பீரங்கிச் செல் எப்படிக் கூவிக்கொண்டு வரும், எப்படிப் படுக்க வேண்டும் என்றெல்லாம் விளக்கினார். வாயால் விசிலடித்தும் காட்டினார். கெவின் கண்ணை விரித்துக் கேட்டான். எல்லோரும் சுற்றி நின்று கேட்டார்கள்.

குணவதி கூட்டத்துக்குப் பின்னால் நின்றாள். எண்பத்தாறிலேயே கனடாவுக்கு வந்துவிட்டவர் அவர். செல்லடி மோசமான காலத்தில் பிள்ளைகளோடு நிலத்தடிப் பங்கருக்குள் இருந்தவள் அவள்.

கூட்டம் கலைந்ததும் கெவினிடம் போய், மனப்பாடம் செய்து வைத்திருந்த கேள்வியைத் தொடங்கினாள். "எக்ஸ்கியூஸ் மீ. லோரா சீக்கோர்ட்..."

"ஆ, லோரா! அது கடைசி. அங்கே கேளுங்கள்" என்று சொல்லிக்கொண்டே அவன் மணிக்கூட்டைப் பார்த்தான். கணவரின் பீரங்கிக் கதையில் ஏற்கெனவே நேரம் போயிருந்தது.

மத்தியானம் நயாகரா ஒன் த லேக் என்ற ஊரில் சாப்பாட்டுக்கு விட்டார்கள். குணவதி மரநிழலில் இருந்து இடியப்பப் பார்சலை அவிழ்த்துச் சாப்பிட்டுவிட்டு, சொன்ன நேரத்துக்கு முன்பே வானடிக்கு வந்தாள். மொன்றியல்காரிகள் வரவில்லை. நெடுநேரம் கழித்துத் தொப்பிப் பெட்டிகளோடு வந்தார்கள். வந்தவர்களில் ஒருத்தி கெவினின் காதில் ஏதோ சொன்னாள். அவன் திரும்பி எல்லோரையும் பார்த்துக் கேட்டான். குணவதிக்குப் பாதிதான் விளங்கியது. எல்லோரும் கையை உயர்த்தினார்கள். பக்கத்தில் பார்த்தாள். இராஜரட்ணமும் கையை உயர்த்திக்கொண்டு நின்றார்.

"என்னத்துக்குக் கையை உயத்தினனீங்கள்?"

"எல்லாரும் உயத்தினவை."

"என்ன கேட்டவன் எண்டு தெரியுமோ?"

"வைன் செய்யிற இடமாம். குடிச்சுப் பாக்கக் குடுப்பினமாம்."

அது எவ்வளவு பெரிய காரியம் என்று வைன் தோட்டத்துக்குப் போன பிறகுதான் குணவதிக்கு விளங்கியது. நினைவுத்தூணையும் லோராவின் வீட்டையும் இனி இறங்கிப் பார்க்க நேரமில்லை என்றான் கெவின். போகிற வழியில் வானை மெதுவாக ஓட்டுவானாம். ஜன்னலால் படம் எடுக்கலாமாம்.

"நோ" என்றாள் குணவதி. சத்தம் எதிர்பார்த்ததைவிடப் பெரிதாக வந்தது. "ஐ கம் ஃபோர் தற் ஹவுஸ்."

"மன்னிக்க வேண்டும், அம்மா. எல்லோரும் சேர்ந்து எடுத்த முடிவு." உண்மையிலேயே வருத்தப்படுகிறவன் போலத்தான் சொன்னான். சொல்லிவிட்டு உள்ளே போனான். மற்றவர்களும் போனார்கள். உள்ளே கண்ணாடிக் கிளாசுகள் கிணுங்கின.

குணவதி வாசலில் நின்றாள். வீடு இதே றோட்டில்தான், நேரே போனால் மூன்று நாலு கிலோமீற்றர் என்று வைன் தோட்டத்து வேலைக்காரப் பெண் சொன்னாள். குணவதி கைப்பையைத் தோளில் மாட்டினாள்.

"இஞ்சருங்கோ, நான் நடந்து போறன். அந்த வீட்டடியில வந்து என்னை ஏத்தச் சொல்லுங்கோ."

"உமக்கென்ன விசரே? இந்த வெயிலுக்க?"

அவள் பதில் சொல்லாமல் நடந்தாள். சற்று நேரத்தில் பின்னால் சப்பாத்துச் சத்தம் கேட்டது. அந்த வேலைக்காரப் பெண்ணிடம் செய்தியைச் சொல்லிவிட்டு, அவர் ஒரு கையில் அவளுடைய குடையும் மறு கையில் தண்ணீர்ப் போத்தலுமாக மூச்சு வாங்க ஓடி வந்தார்.

இடப்பக்கம் மரங்களுக்குக் கீழே ஆறு பச்சையாக ஓடியது. பீச்சஸ் தோட்டங்களைக் கடந்து போனார்கள். சைக்கிளில் போனவர்கள் சேலை கட்டிய பெண்ணையும் குடை பிடித்த மனிதரையும் திரும்பிப் பார்த்தார்கள். இராஜரட்ணம் வழி முழுக்கப் பேசிக்கொண்டு வந்தார்.

"பத்துப் பேருக்கு முன்னால மானம் போகுது. அப்பிடி என்ன இருக்கு அங்க? அவ என்ன செருப்புப் போட்டா உமக்கென்ன?"

குணவதி நின்றாள்.

"உரும்பிராயில இருந்து சாவகச்சேரி மட்டும் நான் என்னத்தைக் காலில போட்டுக்கொண்டு நடந்தனான் எண்டு நீங்கள் எண்டைக்காவது கேட்டனீங்களே?"

அவர் தண்ணீர்ப் போத்தலைக் கக்கத்தில் இடுக்கினார்.

"எண்பத்தேழு ஐப்பசி. மழை. றோட்டால போனால் இந்தியன் ஆமி சுடுறான் எண்டு வயலுக்குள்ளால போனாங்கள். சின்னவன் ராகுலன் இடுப்பில. நிலாணியைக் கையில பிடிச்சு இழுத்துக்கொண்டு. ஒரு செருப்பு சேத்துக்க போயிட்டுது. குனிஞ்சு எடுக்க ஏலாது, பிள்ளை விழுந்திடும். மற்றதையும் எறிஞ்சிட்டு நடந்தனான். கால் முழுக்க முள்ளு. ஒரு கிழமை ஊண்ட ஏலாது. பிறகு நான் இஞ்ச வந்து இறங்கினவுடன நீங்கள் கேட்டது என்ன தெரியுமே? என்ர நகையெல்லாம் பத்திரமோ எண்டு."

இராஜரட்ணம் குடையை மடக்கினார். பிறகு எதற்கு மடக்கினோம் என்று தெரியாதவர் போல மறுபடி விரித்தார். இருவரும் நடந்தார்கள்.

குயின்ஸ்ரனில் அந்த வீடு நின்றது. மரத்தால் கட்டிய, வெள்ளையடித்த, சாதாரணமான ஒரு வீடு. அந்தக் காலத்து நீள அங்கி உடுத்த, வீட்டைச் சுற்றிக் காட்டும் ஓர் இளம்பெண் வெளியே நின்று கதவைப் பூட்டிக்கொண்டிருந்தாள். பார்வை நேரம் முடிந்துவிட்டது. குணவதி படியடியில் நின்று, மூச்சு வாங்க வாங்க, தன் கேள்வியை முழுசாகக் கேட்டு முடித்தாள். அந்த நாள் முழுவதிலும் அதை இடையில் வெட்டாமல் கேட்டவள் அந்தப் பெண் ஒருத்திதான்.

அவள் திறப்பைக் கையில் வைத்துக்கொண்டு யோசித்தாள். "வீட்டுக்குள் போடும் மெல்லிய செருப்பு என்று சிலர் சொல்கிறார்கள். வழியில் ஒன்று தொலைந்தது என்றும் சொல்வார்கள். ஆனால் அதெல்லாம் பிறகு வந்த கதைகள். யாருக்கும் நிச்சயமாகத் தெரியாது."

"அவ கன காலம் உயிரோட இருந்தவ எல்லோ?" என்று தமிழில் கேட்டுவிட்டு, தடுமாறி ஆங்கிலத்துக்கு மாற்றினாள் குணவதி.

"ஆம், தொண்ணூறு வயது கடந்தும் இருந்தார்."

"அப்ப ஒருத்தரும் கேக்கேல்லையே?"

அந்தப் பெண் திறப்பை அங்கிப் பைக்குள் போட்டாள். உள்ளே விட அனுமதி இல்லை என்று வருத்தத்தோடு சொல்லிவிட்டுப் போனாள். குணவதி ஜன்னல் கண்ணாடியில் இரு கையையும் குவித்து வைத்து உள்ளே பார்த்தாள். ஒரு கதிரையின் முதுகும் அடுப்பின் ஒரு மூலையும் தெரிந்தன. மிச்சமெல்லாம் அவளுடைய முகத்தின் நிழல்தான்.

வான் வந்து நின்றபோது கெவினின் சிரிப்பு போயிருந்தது. இப்படித் தன்னிடம் சொல்லாமல் போனால் தனக்குத்தான் பொறுப்பு என்று மெல்லிய குரலில் கண்டித்தான். மொன்றியல்காரி ஒருத்தி வைன் மணக்க மணக்கக் குணவதியின் கையைப் பிடித்து, நீ துணிச்சல்காரி என்றாள். குணவதி கையை எடுத்துக்கொண்டு பின்வரிசைக்குப் போனாள்.

திரும்பும் வழியில் பெருந்தெரு அடைத்துக் கிடந்தது. வான் ஊர்ந்தது. ஹமில்ற்றனைத் தாண்டும்போது இராஜரட்ணம் ஜன்னல் பக்கம் பார்த்தபடி கேட்டார்: "கைதடிப் பாலத்தாலயோ போனனீங்கள்?" அது சாவகச்சேரிக்குப் போகும் வழியில் உள்ள பாலம்.

அவளுக்குத் தலையிடித்தது. குதிக்கால் விண்விண் என்றது. "பிறகு சொல்லுறன்" என்றாள்.

அவர் அதை அப்படியே எடுத்துக்கொண்டார். அடுத்த நாளும் கேட்கவில்லை. அடுத்த கிழமையும் கேட்கவில்லை. குணவதி காத்திருந்தாள். சமைக்கும்போதும், உடுப்பு மடிக்கும்போதும், அவர் வாயைத் திறந்தால் இதற்குத்தான் என்று நினைத்தாள். அவர் ரிவியின் றிமோட்டைத் தேடிக்கொண்டிருப்பார். சுற்றுலா நிறுவனத்துக்கு நிலாணி போன் எடுத்துச் சண்டை பிடித்தாள். இன்னொரு நாள் இலவசமாகக் கூட்டிக்கொண்டு போகிறோம், ஆனால் அந்த வீடு இனி எங்கள் பட்டியலில் இல்லை என்றார்கள்.

ஆவணியில் மில்லிக்கனிலிருந்து பேபி அன்ரியும் புருசனும் விருந்துக்கு வந்தார்கள். பேபி அன்ரி உரும்பிராய்க்குப் பக்கத்து ஊரான கோப்பாய்க்காரி, தொண்ணூறுக்குப் பிறகு வந்தவள். சாப்பாடு முடிந்து ஆட்கள் கதைத்துக்கொண்டிருந்தபோது, குணவதி தேத்தண்ணித் தட்டத்தை மேசையில் வைத்துவிட்டு, குசினிக்குத் திரும்பிப் போகாமல், கதிரையை இழுத்துப் போட்டு இருந்தாள்.

"பேபி, எண்பத்தேழில நீங்கள் எந்தப் பக்கத்தால வெளிக்கிட்டனீங்கள்?"

பேபி அன்ரி கோப்பையைக் கீழே வைத்தாள். "ஐயோ, அதையேன் கேக்கிறாய். நீங்கள்?"

"நாங்கள் உரும்பிராய்ச் சந்திக்குப் போகாமல், பின் ஒழுங்கையால இறங்கி..."

"அந்த ஒழுங்கையால வர ஏலாது. நீர் கோப்பாய்ச் சந்தியைச் சொல்லுறீர்" என்று இடைமறித்தார் இராஜரட்ணம்.

குணவதி அவர் பக்கம் திரும்பினாள்.

"நீங்கள் அப்ப கனடாவில நிண்டனீங்கள். நான் சொல்லி முடிக்கிறன், பேசாமல் இருங்கோ."

பேபி அன்ரியின் புருசன் தொண்டையைச் செருமினார். இராஜரட்ணம் ஒரு முறை எல்லோரையும் பார்த்தார். பிறகு தேத்தண்ணியைக் கையில் எடுத்துக்கொண்டார். பின் ஒழுங்கையில் முழங்கால் மட்டும் வெள்ளம் நின்றது என்று குணவதி தொடங்கினாள்.