ஒழுகாத பைப்பும் புளியாரையும்

தெற்கிலே கடை வைத்திருந்த காலத்தில் புளியாரை எனக்குக் காலில் மிதிபடுகிற பூண்டு. கடைக்குப் பின்னால் கழிவுநீர்க் கானோரக் கல்லிடுக்கில் கேட்காமலே முளைக்கும். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன், சொந்தக் கையால் இரண்டு கடைக்கு முதலாளியானேன். ஒரு பூண்டு எங்கே முளைக்கும் என்று எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை என்றுதான் இருந்தேன்.

கடைகளை விட்டு எங்கள் தீவுக்குத் திரும்பிய பிறகு மனைவிக்குக் காய்ச்சல் வந்தது; அது விட்டும் வாய்க்கசப்புத் தீரவில்லை. கஞ்சியைக் கண்டாலே முகத்தைத் திருப்பினாள். ஆள் மெலிந்துகொண்டே போனாள்.

“அங்கை தெற்கிலை அரைக்கிற புளியாரைச் சம்பல் இருந்தால் ரெண்டு வாய் சோறு இறங்கும்” என்றாள்.

“இதென்ன பெரிய வேலை? பின்னேரமே கொண்டாறன், நீர் பாரும்” என்று சைக்கிளை எடுத்தேன்.

சரவணைப் பக்கத்து வயல் வரம்பெல்லாம் தேடினேன். மண்கும்பான் பக்கம் வெறும் மணல். கடைசியில் ஒரு குளக்கரையில் பை நிறையப் பிடுங்கி வந்தேன். அவள் ஓர் இலையைக் கடித்துத் துப்பினாள்.

“புளிக்கேல்லையே. இது ஆரையப்பா! ஆரைக்கு நாலு இலை, புளியாரைக்கு மூண்டு. கடை நடத்தின மனுசனுக்கு மூண்டும் நாலும் தெரியேல்லை.”

வேலிக்கு அப்பால் பக்கத்து வீட்டுக்காரி சிரித்தாள். “அண்ணை, எங்கடை உப்புச் சவர் மண்ணிலை அது சும்மா வராது. நல்ல தண்ணி படுற இடத்திலைதான் நிக்கும். பவுசர் லொறித் தண்ணி நிரப்புற தாங்கியடியிலை, பைப்புக்குக் கீழை பாய் விரிச்ச மாதிரிக் கிடந்தது.”

போனேன். நிலம் வெடித்துக் கிடந்தது. பழுப்பு நார்தான் மிச்சம். திரும்பி வந்து வேலிக்கு மேலால், “ஒண்டுமில்லையே பிள்ளை!” என்று கத்தினேன்.

“எப்பிடி இருக்கும்? ஒழுகின பைப்புக்கு வாசர் போட்டு இறுக்கினது நீங்கள்தானே? ஊரிலை ஒருத்தருக்கும் ஏலாததைச் செய்தனான் எண்டு ஒழுங்கை முழுக்கச் சொல்லித் திரிஞ்சியள்.”

இன்றைக்கும் சொல்வேன், அப்படியொரு வேலையை வேறு எவனும் செய்திருக்க மாட்டான். ஒரு சொட்டு விழவில்லை. அதுதான் வயிற்றெரிச்சல்.

அன்றுமுதல் எங்கள் குடிதண்ணீரில் ஒரு செம்பை அந்த இடத்தில் ஊற்றுகிறேன். வாளியோடு நிற்கும் சனம், “மனுசனுக்கு வெயில் பிடிச்சிட்டுது” என்கிறது. வீட்டிலே அவள் தினமும், “வந்திட்டுதோ?” என்கிறாள்.

வந்தது. நாலைந்து இலைதான், சம்பலுக்குக் காணாது. இன்று ஒரே ஓர் இலையைக் கிள்ளிப்போய் அவள் கையில் வைத்தேன். மென்றாள். கண்ணைச் சுருக்கினாள்.

“ஓம், புளிக்குது. மிச்சம் எங்கை?”