அம்மாவின் முதல் எழுத்து

போன வாரம் டிவி பார்த்துக்கொண்டிருந்த மருமகள் திடீரென்று கேட்டாள். "மாமா, ஒங்க அம்மைக்கு எழுதப் படிக்கத் தெரியாதா?"

நாட்டின் நேற்றைய கதையைப் பழைய படச்சுருள்களைக் கோத்துச் சொல்லும் நிகழ்ச்சி அது. அதில் என் அம்மா, சிலேட்டும் கையுமாக. 'வாழ்க்கையில் இவர் எழுதும் முதல் எழுத்து' என்றது பின்னணிக் குரல். மருமகள் காட்டாக்கடையிலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்தவள். அம்மாவைச் சுவர்ப் போட்டோவில்தான் பார்த்திருக்கிறாள்.

எனக்கு உடனே மஷித்தண்டின் பச்சை வாசனை வந்தது. சிலேட்டை அந்த நீர்த்தண்டுச் செடியை வைத்துத்தான் துடைப்போம். எல்லை தாண்டி மலையாளப் பக்கம் இருக்கும் எங்கள் குன்னத்துகாலில் நான் எழுத்தறிவு வகுப்பு நடத்திய நாட்கள். வேலையில்லாமல் சுற்றியவனுக்கு 'மாஷ்' என்ற வாத்தியார் பட்டம் சும்மா கிடைத்தால் மிதப்புக்குக் கேட்க வேண்டுமா! வீடுவீடாகப் போய், மலையாளம் எழுதத் தெரியாதவர்களை எல்லாம் எழுத்தறியாதவர் பட்டியலில் சேர்த்தேன், அம்மா உட்பட. விளவங்கோட்டுத் தமிழ்ப் பள்ளியில் படித்துவிட்டு இங்கே வாழ்க்கைப்பட்டவள். குழித்துறை மாமாவுக்கு வாரம் தவறாமல் கடிதம் எழுதுகிறவள். எனக்கு அது அப்போது உறைக்கவே இல்லை.

வகுப்பைப் படம்பிடிக்க ஆட்கள் வந்த அன்று என் மாணவிகள் அத்தனை பேரும் கல்யாண வீட்டில். வீட்டுக்கு ஓடினேன்.

"மானம் போவும் அம்மா, ஒருக்கா வந்து இரி."

"நான் எழுதத் தெரிஞ்சவளாக்கும், எலே."

"மலையாளம் தெரியாதுல்லா?"

வந்தாள். சொல்லிக் கொடுத்த எழுத்தை ஒரே இழுப்பில் முத்துப் போலப் போட்டாள். கேமராக்காரருக்குத் திருப்தியில்லை. "அம்மே, கை கொறச்சு விறய்க்கட்டே." கை கொஞ்சம் நடுங்க வேண்டுமாம். அம்மா என்னைப் பார்த்தாள். நான் தலையாட்டினேன். நடுங்கினாள்.

"தெரியாத மாதிரி எழுதினதுதான் பெரும்பாடு, மக்கா" என்றாள் திரும்பி வரும்போது.

அதிலிருந்து பழைய படம் எதையும் நான் நம்புவதில்லை. கூட்டம் கைதட்டினால், தட்டச் சொன்னவன் எந்த ஓரத்தில் நிற்கிறான் என்று தேடுவேன். அம்மா விஷயத்தில் தேட வேண்டியதில்லை. ஓரத்தில் நின்றவன் நான்தான்.

எல்லாவற்றையும் மருமகளிடம் சொன்னேன். பொறுமையாகக் கேட்டாள். "அவங்க எழுதின கடுதாசி ஏதாவது உண்டா மாமா?" நான் பழைய படங்களைப் பார்க்கிற அதே பார்வையால் என்னைப் பார்த்தாள்.

குழித்துறைக்கு போன் செய்தேன். மாமா வீட்டை இடித்துக் கட்டியபோது பழைய காகிதங்களை எல்லாம் எரித்துவிட்டார்களாம். அம்மா எழுதியதில் இன்று மிஞ்சியிருப்பது அந்த ஓர் எழுத்துதான், நான் நடுங்க வைத்தது.